பம்ளிமாஸ் அம்மா

என் மகளுக்கு நான் கோபத்தில்தான் பெயர் வைத்தேன். நாள், நட்சத்திரம், எழுத்து எதையும் பார்க்கவில்லை. பச்சைக் குழந்தைகள் வார்டு வாசலில், வெறுங்காலோடு, நைட்டிக்கு மேல் ஒரு துண்டைப் போர்த்திக்கொண்டு நின்றிருந்தேன். ஒரு சிஸ்டர் கேட்டார், நான் வெடுக்கென்று பதில் சொன்னேன். அதுவே பெயராக நின்றுவிட்டது.

அவள் ஏழாம் மாதத் தொடக்கத்திலேயே பிறந்துவிட்டாள். திருத்துறைப்பூண்டியில் பள்ளிக்கூடம் விட்டு வீடு திரும்பும்போது வலி எடுத்தது. ஆம்புலன்சில் தஞ்சாவூர் வந்து சேர்ந்த அரை மணி நேரத்தில் பிரசவம். எடை தொள்ளாயிரத்து நாற்பது கிராம் என்றார்கள். நான் கணக்கு டீச்சர். ஒரு கிலோவுக்கு அறுபது கிராம் குறைகிறது என்று என் மனம் தானாகக் கழித்துப் பார்த்தது. அந்த நேரத்திலும் கழித்தல் போட்ட மனதை நினைத்தால் இன்றும் எனக்கு வெறுப்பாக இருக்கிறது.

கண்ணாடிப் பெட்டிக்குள் கிடந்தாள். வெங்காயச் சருகு போல் மெல்லிய தோல், அதற்கு உள்ளே நீல நரம்புகள். மூக்கில் ஒரு குழாய், வாயில் ஒரு குழாய். கை, என் சுண்டுவிரலின் பாதி தடிமன்கூட இல்லை. அழுதால் சத்தம் வராது, முகம் மட்டும் சுருங்கும். முதல் நாள் நான் அவளைப் பார்த்தபோது பாசம் வரவில்லை, பயம்தான் வந்தது. தாய்க்குப் பார்த்ததும் பால் சுரக்கும் என்று சொல்கிறவர்கள் அந்த வார்டுக்குள் வந்து பார்க்க வேண்டும்.

அந்த வார்டில் பிள்ளைகளுக்குப் பெயர் கிடையாது. அம்மாவின் பெயரைச் சொல்லி, அவளுடைய பேபி என்பார்கள். என் பெயர் என் வயதுப் பெண்களில் தெருவுக்கு நான்கு பேருக்கு இருக்கும். எனக்கு இரண்டு பெட்டி தள்ளி, மயிலாடுதுறைப் பக்கத்திலிருந்து வந்த ஒருத்திக்கும் அதே பெயர், அதே இனிஷியல். இரண்டாம் நாள் அவள் பிழிந்து அனுப்பிய பால் என் பிள்ளையின் பெட்டிக்கு வந்துவிட்டது. கொடுப்பதற்கு முன்பே சிஸ்டர் கவனித்துவிட்டார். உடனே எங்கள் இரண்டு பேரையும் வாசலுக்குக் கூப்பிட்டார்.

"ரெண்டு பேரும் புள்ளைக்கு ஒரு செல்லப் பேர் சொல்லுங்கம்மா. பெட்டியில எழுதி ஒட்டிடுறேன். கொழப்பம் இருக்காது."

மயிலாடுதுறைக்காரி யோசிக்கவே இல்லை. தங்கம் என்றாள். சிஸ்டர் என்னைப் பார்த்தார். நான் "பம்ளிமாஸ்" என்றேன்.

மசக்கையில் எனக்குச் சோறு உள்ளே நிற்கவில்லை. பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் ஒரு பம்ளிமாஸ் மரம் உண்டு. அந்தப் பழத்தின் சுளைகளை உப்பும் மிளகாய்த்தூளும் தொட்டுத் தின்றால் மட்டும் குமட்டல் அடங்கும். என் கணவர் சிங்கப்பூரில் கப்பல் கட்டும் தளத்தில் வேலை பார்க்கிறார். தினமும் சாயங்காலம் வீடியோவில் வந்து, என்னைக் கேட்பதற்கு முன்னால், "பம்ளிமாஸ் என்ன பண்ணுது?" என்று வயிற்றைத்தான் கேட்பார். எங்கள் பக்கம் கன்னம் உப்பிய குழந்தைகளை அப்படித்தான் கூப்பிடுவார்கள். கூப்பிட்டுக் கன்னத்தைக் கிள்ளுவார்கள். பெட்டிக்குள் கிடந்தவளிடம் கிள்ளுவதற்குக் கன்னமே இல்லை. யார் மேல் கோபம் என்று தெரியாமல், அந்த அறுபது கிராம் மேல் கோபமாக இருந்தேன். வாய் புளித்ததோ மாங்காய் புளித்ததோ என்று சொல்லிவிட்டேன்.

சிஸ்டர் சிரித்துவிட்டார். பிளாஸ்திரித் துண்டில் பெரிய எழுத்தில் எழுதி ஒட்டினார். மறுநாளைக்குள் எல்லா சிஸ்டர்களும் அப்படியே கூப்பிட ஆரம்பித்துவிட்டார்கள்.

மூன்றாம் நாள் பெட்டியோடு இணைத்திருந்த மெஷின் கத்தியது. அவள் நெஞ்சு அசையவில்லை, உதடு கருத்துப் போனது. நான் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். சிஸ்டர் அவசரமே படாமல் ஓட்டை வழியாகக் கையை விட்டு, அவள் உள்ளங்காலில் விரலால் சுண்டி, "ஏ பம்ளிமாஸ், என்ன தூக்கம்" என்றார். நெஞ்சு ஏறி இறங்கியது. குறைமாதப் பிள்ளைகளுக்கு மூச்சு விட மறந்து போகும் என்று அப்புறம்தான் விளக்கினார்.

"இனிமே நீங்க பக்கத்துல இருந்தா நீங்களே செய்யுங்க. உள்ளங்கால்ல சுண்டணும், பேர் சொல்லிக் கூப்பிடணும். குரல் நடுங்காமக் கூப்பிடுங்க, அதுக்குப் பயம் தெரியக்கூடாது."

அதன்பின் ஒரு நாளைக்கு நான்கு தடவை, ஐந்து தடவை அவளைக் கூப்பிட்டு எடுத்திருக்கிறேன். சுண்டியதால் வந்தாளா, கூப்பிட்டதால் வந்தாளா என்று எனக்குத் தெரியாது. சுண்டியதால்தான் என்று படித்தவள் மூளை சொல்லும். ஆனால் பெட்டிமேல் குனிந்து அந்தப் பெயரை மெதுவாகச் சொன்னால் அவள் இமை அசையும். வேறு எதைச் சொன்னாலும் அசையாது. கோபத்தில் சொன்ன சொல்தான், அதற்குள் அது அவளுடையதாகிவிட்டது.

இதெல்லாம் என் அப்பாவுக்குத் தெரியாது. அவர் ஆற்று மதகில் லஸ்கராக இருந்து ஓய்வு பெற்றவர். முறை வைத்துத் தண்ணீர் விடும்போது ஷட்டரை ஏற்றி இறக்குகிற வேலை. எங்கள் வம்சத்தில் மாதச் சம்பளம் வாங்கிய முதல் ஆள். என் அம்மா நான் கல்லூரியில் படிக்கும்போதே போய்விட்டாள். மாமியார் இடுப்பெலும்பு முறிந்து படுக்கையில் இருந்தார். அதனால் எனக்குத் துணை அப்பா மட்டும்தான். ஆண்களை வார்டுக்குள் விடமாட்டார்கள். இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையோடு வெளியே வேப்பமரத்தடி பெஞ்சில் பகல் முழுக்க உட்கார்ந்திருப்பார்.

ஐந்தாம் நாள் நானும் அவர் பக்கத்தில் உட்கார்ந்து இட்லி தின்றுகொண்டிருந்தபோது சிஸ்டர் வாசலுக்கு வந்து குரல் கொடுத்தார். "பம்ளிமாஸ் அம்மா, பால் எடுத்துட்டு வாங்க." மரத்தடியில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள். உள்ளே பழ வியாபாரமா நடக்குது என்று ஒருவர் கேட்டார். சிரிப்பு எழுந்தது. பாவம், அவர்களுக்கும் சிரிக்க ஏதாவது வேண்டியிருந்தது. அப்பா சிரிக்கவில்லை. நான் பால் கொடுத்துவிட்டுத் திரும்பி வரும்வரை இட்லிப் பொட்டலத்தை மடித்துக் கையில் வைத்திருந்தார்.

"அது என்னம்மா பேரு?"

"சும்மா ஒரு அடையாளத்துக்குப்பா. எம் பேர்லயே இன்னொருத்தவங்க இருக்காங்க."

"எங்கப்பாவுக்கும் அடையாளத்துக்குத்தான் வச்சாங்க."

என் தாத்தாவின் பெயர் சுரைக்காய். பட்டப் பெயர் இல்லை, பதிவேட்டில் உள்ள பெயரே அதுதான். அந்தக் காலத்தில் எங்கள் தெருவில் பிள்ளை பிறந்தால், பண்ணை வீட்டுக் கொல்லைப்பக்கம் போய்த் தள்ளி நின்று, பெயர் சொல்லுங்கள் என்று கேட்க வேண்டும். நல்ல சாமி பெயர் வைக்கக் கூடாது, பண்ணை வீட்டில் யாருக்காவது இருக்கிற பெயரும் கூடாது. தாத்தாவின் அப்பா போய் நின்ற நேரம் பெரியவர் கண்ணில் பட்டது கொட்டகைக் கூரையில் காய்த்துக் கிடந்த சுரைக்காய். அதையே வைத்துக்கொள் என்றிருக்கிறார். வீட்டுக்குள் தாத்தாவின் அம்மா அவரை வேறு பெயர் சொல்லிக் கூப்பிட்டாளாம். அது எந்தத் தாளிலும் ஏறவில்லை. மனைப் பட்டாவில் சுரைக்காய், வாக்காளர் பட்டியலில் சுரைக்காய். அப்பாவைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தபோது, தகப்பனார் பெயர் என்ன என்று கேட்ட வாத்தியார், பதிலை இன்னொரு தடவை உரக்கச் சொல்லச் சொல்லி வகுப்பையே சிரிக்க வைத்தாராம். வேலைக்குப் போன பிறகு அப்பா தாலுகா ஆபீஸ் ஜமாபந்தியில் மூன்று வருடம் மனு கொடுத்தார், தகப்பனார் பெயரைத் திருத்தித் தரச் சொல்லி. ஆதாரம் கேட்டார்கள். ஒரு அம்மா தன் பிள்ளையைக் கூப்பிட்டதற்கு என்ன ஆதாரம் இருக்கும்? இனிஷியலுக்கு விரிவு கேட்கிறவர்களிடம் ஏதாவது ஒரு சாமி பெயரைச் சொல்லிச் சமாளிப்பார்.

இதையெல்லாம் சின்ன வயதிலிருந்து கேட்டு வளர்ந்தவள் நான். சிஸ்டருக்குப் பதில் சொன்ன நேரத்தில் ஒன்றுகூட நினைவுக்கு வரவில்லை.

"பேரு கேட்டு ஒருத்தன் கொல்லையில நின்னது எங்க தாத்தாவோட போவட்டும்னுதான் உன்னையப் படிக்க வச்சேன். இப்ப நீயே உம் புள்ளைக்குக் கேலிப் பேரு வைக்கிற."

"பாசத்துல வச்சதுப்பா."

"அவங்களும் பாசமாத்தான் கூப்பிட்டாங்க. ஏ சொரக்கா, இங்க வாடான்னு."

எனக்கு வாய் கொஞ்சம் நீளம். ஐந்து நாளாகத் தூக்கமும் இல்லை. "அவங்க ஊரான். நான் பெத்தவ. அந்தப் பேரைச் சொன்னாத்தான் அவளுக்கு மூச்சு வருது, தெரியுமா உங்களுக்கு" என்றேன்.

"மூச்சு நெஞ்சுல இருக்கும்மா. பேர்ல இல்ல." மடித்த பொட்டலத்தை என்னிடம் நீட்டி, "வீட்டுக்கு வரட்டும். அதுக்குப் பேரு நான் வச்சிருக்கேன்" என்றார்.

என்ன பெயர் என்று அவர் சொல்லவில்லை. வீம்பில் நானும் கேட்கவில்லை. அன்றிலிருந்து அவர் வாயில் பாப்பாதான். பாப்பா பால் குடிச்சுதா, பாப்பாவுக்கு எடை போட்டாங்களா. அந்தப் பெயர் வருகிற இடத்தில் எல்லாம் மதகடியில் நடக்கிறவர் மாதிரி பார்த்துத் தாண்டிப் போவார். நான் வேண்டுமென்றே அவர் முன்னால் நாலு தடவை கூடுதலாகச் சொல்வேன். இரண்டு பேருக்கும் பிடிவாதம் ஒரே அச்சு.

அவள் எடை முதலில் குறைந்தது. பிறகு பத்துப் பத்து கிராமாக ஏறியது. முப்பத்து நான்காம் நாள் ஆயிரத்து இருநூற்று எண்பது கிராம் ஆனதும் பெட்டியிலிருந்து எடுத்து கங்காரு அறைக்கு மாற்றினார்கள். பிள்ளைக்குக் குல்லா போட்டு, வெறும் நெஞ்சோடு நெஞ்சாகச் சேர்த்து, துணியால் கட்டிக்கொண்டு சாய்வு நாற்காலியில் கிடக்க வேண்டும். அம்மாவின் உடம்புச் சூட்டில் பிள்ளை தேறும். மூன்று நாள் அவள் என் நெஞ்சில் கிடந்தாள். என் வாழ்க்கையில் நான் வேறு எதற்காகவும் அவ்வளவு அசையாமல் இருந்ததில்லை. மூச்சை மறந்தால் குனிந்து காதோரம் சொல்வேன், பம்ளிமாஸ், பம்ளிமாஸ் என்று. இமை அசையும், நெஞ்சு ஏறும்.

நான்காம் நாள் எனக்குப் பால் கட்டிக்கொண்டு ஜுரம் வந்துவிட்டது. ஜுரத்தோடு உள்ளே வரக்கூடாது என்று சிஸ்டர் கண்டிப்பாகச் சொன்னார். வீட்டு ஆள் வேறு யாராவது இருக்கிறார்களா என்று கேட்டார். அப்பாதான் இருக்கிறார், ஆனால் ஆம்பளை என்றேன்.

"நெஞ்சுச் சூடு வேணும். ஆம்பளையா இருந்தா என்ன, தாத்தாவா இருந்தா என்ன. குளிச்சுட்டு வரச் சொல்லுங்க."

சட்டை இல்லாத அப்பாவை வெளியாள் யாரும் பார்த்ததில்லை. பண்ணை வீட்டு வாசலில் தாத்தா துண்டைக் கழற்றி அக்குளில் இடுக்கிக்கொண்டு நின்றதைப் பார்த்து வளர்ந்தவர். வீட்டில் வெயிற்காலத்தில்கூட பனியன் இருக்கும். அன்றைக்கு சோப்புப் போட்டுக் குளித்துவிட்டு வந்து, பத்துப் பெண்கள் உட்கார்ந்திருக்கிற அறையில் சட்டையைக் கழற்றினார். முடி நரைத்த நெஞ்சில் சிஸ்டர் பிள்ளையை வைத்துக் கட்டி, மூச்சை மறந்தால் உள்ளங்காலில் சுண்டிப் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும் என்று சொல்லிக் கொடுத்தார். நான் கதவின் கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் கண்ணை மூடிக்கொண்டார். இரண்டு நாள் அப்படியே கிடந்தார், சாப்பாட்டுக்கும் கழிவறைக்கும் தவிர எழுந்திருக்கவில்லை.

மூன்றாம் நாள் காலை அவள் பால் சரியாகக் குடிக்கவில்லை. நிறமும் மங்கியிருந்தது. டாக்டர் வந்து பார்த்தார், ரத்தம் எடுத்தார்கள். மறுபடி பெட்டிக்கு மாற்றிவிடலாம், பெட்டி தயாராகும்வரை சூட்டிலேயே இருக்கட்டும் என்றார்கள். அது நடந்தது அந்த இடைவெளியில்தான். மத்தியானம் மாத்திரை போட்டுக்கொண்டு நான் வெளியே நின்றேன். உள்ளே சிஸ்டர் ஓடுகிற சத்தம் கேட்டது. கண்ணாடி வழியாகப் பார்த்தபோது அப்பாவின் நெஞ்சுக் கட்டைப் பிரித்துப் பிள்ளையை எடுத்துக்கொண்டிருந்தார்கள். நாற்பது நிமிடம் முயன்று பார்த்தார்கள். அவர்கள் எதையும் விட்டுவைக்கவில்லை, நான் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

எல்லாம் முடிந்த பிறகு அப்பா வெளியே வந்தார். கட்டியிருந்த துணி இடுப்பில் தொங்கிக்கொண்டிருந்தது. சட்டை கையில் இருந்தது, போட்டுக்கொள்ளவில்லை.

"கூப்பிட்டீங்களா?" என்று கேட்டேன்.

"கூப்பிட்டேம்மா. அசைவு இல்லன்னு தெரிஞ்சதும் கால்ல சுண்டுனேன். பாப்பா, பாப்பான்னு கூப்பிட்டுக்கிட்டே இருந்தேன்."

"பாப்பாவா? அது அவ பேரே இல்லையேப்பா. அவளுக்குத் தெரிஞ்சது ஒரு பேருதான். அத ஒரு தடவ சொல்ல உங்களுக்கு வாய் வரல."

நெல்லைக் கொட்டினால் அள்ளலாம், சொல்லைக் கொட்டினால் அள்ள முடியாது என்பார்கள். நெல்லைக் கொட்டுகிற ஊரில் பிறந்தவளுக்கு அது தெரியாமல் இல்லை. தெரிந்துதான் கொட்டினேன். அப்பா சட்டையைப் போட்டுக்கொண்டு, பட்டனை ஒன்று மாற்றி ஒன்றில் மாட்டி, அதைக் கவனிக்காமலே மரத்தடிக்குப் போய் உட்கார்ந்தார்.

அன்று சாயங்காலம் டாக்டர் என்னை மட்டும் தன் அறைக்குக் கூப்பிட்டார். என்னைவிட வயது குறைந்த பெண். காலையில் எடுத்த ரத்தத்தின் முடிவு வந்திருந்தது. கிருமி உடம்பு முழுக்கப் பரவியிருந்ததாம். இவ்வளவு சின்ன உடம்பில் அது சில மணி நேரத்தில் பரவிவிடும் என்றார். வழக்கமாக அவள் மூச்சை மறப்பதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை, இருதயமே நின்றுபோயிருக்கிறது என்றார். நான் ஒன்றே ஒன்றுதான் கேட்டேன்.

"பேர் சொல்லிக் கூப்பிட்டிருந்தா வந்திருப்பாளா டாக்டர்?"

"இல்லம்மா. யாரு என்ன சொல்லிக் கூப்பிட்டிருந்தாலும் வந்திருக்காது. அந்த நிமிஷம் நானே பக்கத்துல இருந்திருந்தாலும் முடிஞ்சிருக்காது. அவர் நெஞ்சுல வச்சிருந்தாரே, அவர்கிட்டயும் சொல்லிடுங்க."

எழுந்து மரத்தடிக்கு வந்தேன். டாக்டர் என்னம்மா சொன்னாங்க என்று அப்பா கேட்டார்.

"கையெழுத்து வாங்கினாங்க" என்றேன்.

மறந்துபோய்ச் சொல்லாமல் விட்டதில்லை. துக்கத்தில் நாக்கு எழாமல் விட்டதும் இல்லை. வேண்டுமென்றேதான் சொல்லவில்லை. எனக்கு நேர்ந்ததற்கு ஒரு ஆள் தேவைப்பட்டது. கிருமியைத் திட்ட முடியாது. கணவர் கடலுக்கு அந்தப் பக்கம் போனில் அழுதுகொண்டிருந்தார். அப்பா கைக்கெட்டும் தூரத்தில், பட்டன் மாறிய சட்டையோடு உட்கார்ந்திருந்தார். இவர் படட்டும் என்று நினைத்தேன். அந்த நினைப்பை இப்போதும் வார்த்தை வார்த்தையாக என்னால் சொல்ல முடியும்.

ஊருக்குக் கொண்டுபோய் வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் புதைத்தார்கள். எங்களில் பெண்கள் அங்கே போவதில்லை. அப்பாதான் மடியில் வைத்து எடுத்துப் போனார். பெயர் வைப்பதற்கு முன் போகிற பிள்ளைக்குச் சடங்கு எதுவும் கிடையாது. பதினாறாம் நாளே செய்திருக்க வேண்டிய பெயர் வைப்பை, வீட்டுக்கு வரட்டும் என்று தள்ளித் தள்ளிப் போட்டிருந்தோம். அப்படிப்பட்ட பிள்ளையை ஊர் கணக்கில் எடுத்துக்கொள்ளாது. அடுத்த மாதமே ஒரு சொந்தக்காரி என்னிடம், இனிமேலாவது தலைப்பிள்ளை நல்லபடியா பொறக்கட்டும் என்று ஆசீர்வாதம் செய்தாள்.

பிறப்பையும் இறப்பையும் பதிவு செய்ய அப்பா தஞ்சாவூருக்குப் போனார். முதல் நாள் வெறுங்கையோடு வந்து, நாளைக்கு வரச் சொல்லிட்டாங்க என்றார். மறுநாளும் போனார். என்ன நடந்தது என்பதைக் கூடப் போயிருந்த எங்கள் தெரு ஆட்டோக்காரர்தான் பிறகு சொன்னார். பெயர் இடத்தைக் காலியாக விட்டுவிடலாம், கைக்குழந்தைக்கு யாரும் எழுதுவதில்லை என்று அலுவலகத்தில் சொல்லியிருக்கிறார்கள். அப்பா ஒத்துக்கொள்ளவில்லை. தான் மனதில் வைத்திருந்த நல்ல பெயரைச் சொல்லியிருக்கலாம், அதை எழுதிக்கொண்டு உடனே அனுப்பியிருப்பார்கள். அவர் சொன்ன பெயரைக் கேட்டு கவுண்ட்டரில் இருந்தவர் பெரியவருக்குத் துக்கத்தில் ஏதோ ஆகிவிட்டது என்று நினைத்திருக்கிறார். பின்னால் வரிசையில் நின்றவர்கள் சிரித்திருக்கிறார்கள். அப்பா நகரவே இல்லையாம். எம் பேத்தி பேரு அதாங்க, எழுதுங்க என்று திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார். ஒவ்வொரு எழுத்தாகச் சொல்லச் சொன்னார்களாம், சொன்னாராம்.

தாளை என்னிடம் கொடுத்து, "எழுத்து சரியா இருக்கான்னு பாத்துக்க" என்றார். பார்த்தேன். பெயர் இருக்க வேண்டிய இடத்தில் பம்ளிமாஸ் என்று அச்சாகியிருந்தது.

அப்போதாவது சொல்லியிருக்க வேண்டும். சரியா இருக்குப்பா என்று மட்டும் சொன்னேன்.

இரண்டு வருடம் கழித்து எனக்கு மகன் பிறந்தான். நிறைமாதம், மூன்று கிலோ. அப்பா அவனைத் தூக்கவே இல்லை. நீட்டினால், வேணாம்மா, எங்கையில குடுக்காத என்று பின்னால் நகர்வார். கணவர் லீவில் வந்திருந்தபோது மாமாவுக்கு என்ன ஆச்சு என்று கேட்டார். வயசாச்சுல்ல, கை நடுங்குது என்று பொய் சொன்னேன். தெருவில் யார் வீட்டுப் பச்சைக் குழந்தையையும் அவர் தொடுவதில்லை. என் மகன் நடக்க ஆரம்பித்த பிறகுதான் அவனுக்கு ஒரு விரலைக் கொடுத்தார். எல்லாவற்றுக்கும் காரணம் எனக்குத் தெரியும். சரிசெய்ய ஒரு வாக்கியம் போதும் என்பதும் தெரியும். என் கோபம் எப்போதோ ஆறிவிட்டது. ஆனால் சொல்வதென்றால், இத்தனை நாள் ஏன் சொல்லவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அதற்கு எனக்குத் தைரியம் வரவில்லை. இன்றைக்கு வேண்டாம், நாளைக்கு என்று நான்கு வருடம் ஓடிவிட்டது.

போன வருடம் சம்பா அறுவடை சமயத்தில் அப்பாவுக்கு நெஞ்சில் நீர் கோத்துக்கொண்டது. ஆஸ்பத்திரி வேண்டாம் என்று அடம்பிடித்து வீட்டிலேயே கிடந்தார். ஒரு நாள் முற்பகலில் நான் கஞ்சியை ஆற்றிக்கொண்டிருந்தேன். வெளியே அறுவடை மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. மூச்சு வாங்கிக்கொண்டே கேட்டார்.

"நான் அன்னைக்கு அந்தப் பேரச் சொல்லியிருந்தா, அது வந்திருக்குமாம்மா?"

கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்தேன். எல்லாவற்றையும் சொன்னேன். டாக்டர் அறை, ரத்தத்தின் முடிவு, நான் கேட்ட கேள்வி, அவர் சொன்ன பதில், உங்களிடம் சொல்லச் சொன்னது, நான் சொல்லாமல் விட்டது.

"வந்திருக்காதுப்பா. அன்னைக்கே டாக்டர் சொல்லிட்டாங்க. கோவத்துல நான்தான் உங்ககிட்ட சொல்லல. சத்தியமாப்பா."

அப்பா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கையை நீட்டி என் மணிக்கட்டைத் தட்டிக்கொடுத்தார். அழுகிற குழந்தையைத் தட்டுவது போல இருந்தது அது.

"எம் மனசு ஆறணும்னு சொல்ற. தெரியுது."

"இல்லப்பா, நெசமாத்தான்."

"நெசமா இருந்தா அன்னைக்கே சொல்லியிருப்பியே. நாலு வருஷம் என்னைய இப்படி விட்டு வச்சிருப்பியா? நீ அப்படிப்பட்ட பொண்ணு இல்லம்மா."

மறுபடியும் சொன்னேன். மறுநாளும் சொன்னேன். சரிம்மா, சரிம்மா என்று தலையாட்டினார். ஒன்பதாம் நாள் போய்ச் சேர்ந்தார், கடைசிவரை என்னை நல்லவள் என்று நம்பிக்கொண்டு.